பூட்டுக்காரர் பங்காளி ஆன கதை

என் அக்கா வீட்டுக்காரர் பூட்டு ரிப்பேர் செய்பவர். சாவியைத் தொலைத்தவர்களுக்கு மாற்றுச் சாவி செய்து தருவார். மழை வந்தால் படுதாவை இழுத்துவிடும் நடைபாதைக் கடை. ஊர்க் கதவுக்கெல்லாம் பூட்டு மாட்டியவருக்குக் கடைக்கென்று சொந்தமாக ஒரு கதவு கிடையாது. அந்த ஏக்கம்தான் மனிதரைக் கொண்டுபோய்க் கோர்ட்டில் நிறுத்தியது.

கடைக்கு எதிர்வீடு ஓர் அண்ணன் தம்பிக்குச் சொந்தம். அண்ணன் ஒருநாள் தெருவோர அறையை விற்கப்போவதாகச் சொன்னார். மாமா போய்ப் பார்த்தார். எதைப் பார்த்தார் என்கிறீர்கள்? கதவை. கீலை ஆட்டினார், நிலையைத் தட்டினார், தாழ்ப்பாளுக்கு எண்ணெய் விட்டார், சொக்கிப்போனார். வீட்டில் வேறு யாருக்குப் பங்கு என்று ஒரு வார்த்தை விசாரிக்கவில்லை. தம்பி அதற்கு முன்பே பாகப்பிரிவினை வழக்குப் போட்டிருந்தார். பத்திரம் பதிந்து, பெயர்ப்பலகைக்கும் சொல்லிவிட்ட பிறகுதான் இது தெரிந்தது.

வக்கீலிடம் நானும் கூடப் போனேன்.

"அப்ப நான் வாங்கினது செல்லாதா சார்?" என்றார் மாமா.

"செல்லும். ஆனா கேஸ் நடக்கும்போது வாங்கினதால, வித்தவருக்கு என்ன கிடைக்குதோ அதுக்குள்ளதான் உங்களுக்கும். அண்ணனுக்குப் பாதி வீடு வரும். எந்தப் பாதின்னு கோர்ட்டுதான் சொல்லணும். முன்னறை தம்பி பக்கம் போயிட்டா, நீங்க சமையலறை ஓரமா ஏதாவது கேட்டுப் பாக்கலாம்."

"சமையலறையில எப்படி சார் கடை வைக்கிறது?"

"அதனாலதான் உங்களையும் கேஸ்ல சேர்க்கச் சொல்லி மனு போடணும். முன்னறையை அண்ணன் பங்குலயே ஒதுக்குங்கன்னு கேப்போம். தம்பிக்கு நஷ்டமில்லேன்னா ஒதுக்குவாங்க. இனிமே நீங்களும் ஒரு பங்காளி மாதிரிதான்."

மாமா பூரித்துப்போனார். பங்காளி என்றால் அவர் காதில் சொந்தம் மட்டுமே விழுந்தது, சண்டை விழவே இல்லை.

சில நாளில் தம்பி கடைக்கு வந்து நின்றார். முன்னறைக்கு ஒரு பூட்டு வேண்டுமாம்.

"யாரும் உள்ள போகக் கூடாது. முக்கியமா நீங்க."

மாமா இருப்பதிலேயே உறுதியான பூட்டை எடுத்து, பூட்டித் திறந்து காட்டி, சாவிகளையும் ஒன்று விடாமல் கொடுத்தனுப்பினார்.

அக்கா ஆடித் தீர்த்துவிட்டாள். "நம்ம ரூமுக்கு உங்க கையாலேயே பூட்டா? மட்டமான பூட்டாவது குடுத்துத் தொலைச்சிருக்கலாம்ல?"

"கேட்டு வந்தவருக்கு எப்படிம்மா மட்டமானதைக் குடுக்கறது?"

எனக்கும் பற்றிக்கொண்டு வந்தது. இப்படி ஓர் அப்பிராணியை வைத்துக்கொண்டு வழக்கு நடத்தினால் உருப்படுமா?

வீட்டை அளக்கக் கோர்ட்டு அனுப்பிய கமிஷனர் வந்தார். பார்த்தால், தம்பி சாவியைத் தொலைத்திருந்தார். சட்டைப்பை, பீரோ, மனைவியின் கைப்பை எல்லாம் குடைந்தாகிவிட்டது. பொறுமையிழந்த கமிஷனர் பூட்டை உடைக்கச் சொன்னார்.

"உடைக்காதீங்க சார், நல்ல பூட்டு," என்றபடி மாமா மடியிலிருந்து ஒரு கம்பியை எடுத்தார். கொட்டாவி விடும் நேரத்தில் பூட்டு கையோடு வந்தது.

தம்பி முகத்தில் ஈயாடவில்லை. "இத்தனை நாளும் நீங்க திறந்திருக்கலாமே?"

"திறந்திருக்கலாம். ஆனா பூட்டு உங்களதாச்சே. ரூம் யாருதுன்னு கோர்ட்டு சொல்லட்டும்னு இருந்தேன்."

அளந்து முடியும்வரை தம்பி அந்தப் பூட்டை வாங்கிக் கையில் உருட்டிக்கொண்டே இருந்தார். பிறகு, நெடுநாளாகப் பேச்சில்லாத அண்ணனைப் பார்த்துச் சொன்னார்: "முன்னறை உன் பங்குலயே இருக்கட்டும். எனக்குப் பின்கட்டு போதும்." கோர்ட்டும் அப்படியே தீர்ப்பெழுதியது. எனக்குக் கண் கலங்கிவிட்டது, வெளியே சொல்லிக்கொள்ளவில்லை.

கடை திறந்த அன்று முதல் ஆளாகத் தம்பிதான் வந்தார். கையில் ஒரு சாவி.

"பின்கட்டுச் சாவி. இன்னொண்ணு உங்ககிட்ட இருக்கட்டும் பங்காளி, நான் தொலைச்சுக்கிட்டேதான் இருப்பேன்."

மாமா தன் சொந்தக் கதவுக்குப் பின்னால் ஓர் ஆணி அடித்து அதை மாட்டினார்.