முகம் உள்ளே இருக்கட்டும்

காலையில் கையெழுத்துப் போட வரிசையில் நின்றபோதுதான் மேஸ்திரி சொன்னார்: "பச்சியம்மா போயிடுச்சாம். நெஞ்சு வலிக்குதுன்னு படுத்துச்சாம், எந்திரிக்கலையாம்." அரூரில் நாங்கள் குப்பை அள்ளும் தள்ளுவண்டியின் இடது பிடி அவளுடையது, வலது என்னுடையது. அன்று ஒற்றை ஆளாகத் தள்ளினேன். வண்டி சாக்கடைப் பக்கமே இழுத்தது. அவளோடு வேலை பார்த்த உங்களுக்கு இதெல்லாம் தெரியும். ஆனாலும் சொல்லாமல் இருக்க முடியவில்லை.

பச்சியக்காவுக்கு வாய் சும்மா இருக்காது. ஒரு வீட்டில் உடைந்த கண்ணாடியைப் பழைய சோற்றோடு கலந்து குப்பையில் போட்டுக் கொடுத்துவிட்டார்கள். விரலில் ரத்தம் வழிய, வீட்டுக்காரர் வெளியே வரும்வரை அந்த வாசலிலேயே நின்று விசில் ஊதினாள். "தனியா காகிதத்துல சுத்திக் குடுங்க சார். எனக்கும் சோறு பெசைஞ்சு திங்க இந்தக் கைதாங்க இருக்குது." அதன்பிறகு அந்த வீட்டில் கண்ணாடி சுற்றித்தான் வந்தது.

சாலையோர ஃப்ளெக்ஸ்களை அகற்றுவதும் எங்கள் வேலை. கல்யாண வாழ்த்து, கட்சி வரவேற்பு எல்லாவற்றையும் சுருட்டி எறிவாள். கண்ணீர் அஞ்சலி என்றால் மட்டும் முகம் உள்ளே போகும்படி மடிப்பாள். "செத்தவங்க மூஞ்சி மேல குப்பையக் கொட்டலாமா?" என்பாள். போன மழையில் என் வீட்டுக் கூரை ஒழுகியபோது அப்படி ஒன்றைக் கொண்டுவந்து, மடித்தபடியே போர்த்தினாள். "மூஞ்சி மேல பாத்தா மழை அடிக்கும். கீழ பாத்தா நீ துணி மாத்தறதப் பாப்பாரு" என்று சொல்லிவிட்டு அவளே சிரித்தாள்.

அவளுக்கும் ஒரு கண்ணீர் அஞ்சலி ஃப்ளெக்ஸ் வைத்தோம், அவள் தினமும் போன தெருமுனையில், கழுத்தில் விசிலோடு இருக்கும் படத்தைப் போட்டு. கண்ணாடி வீட்டுக்காரர் பார்த்துவிட்டு, "இவங்க பேரு பச்சியம்மாளா?" என்றார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இத்தனை வருஷம் கேட்காத பெயர். இனியாவது தெரு முழுக்கப் படிக்கட்டும், அது அங்கேயே இருக்கட்டும் என்று நினைத்தேன்.

நினைத்தால் ஆயிற்றா? அனுமதியில்லாத ஃப்ளெக்ஸ்களையெல்லாம் எடுக்கச் சொல்லி உத்தரவு வந்துவிட்டது. "ரெண்டு நாள் வுடுங்க மேஸ்திரி" என்றேன். "மேல இருந்து திட்டறாங்கம்மா, நான் என்ன பண்றது?" என்றார். வேறு யாரையும் தொடவிடாமல் நானே ஏணியில் ஏறினேன். கயிற்றை அறுக்கக் கை வரவில்லை, முடிச்சுகளை அவிழ்த்தேன். முகம் உள்ளே போகும்படி மடித்து, வண்டியில் போடாமல் வீட்டுக்குக் கொண்டுவந்தேன்.

அவளுடையதாக என்னிடம் இருப்பது அந்த மடிப்புதான். போன மழையில் அவள் போர்த்தியது கிழிந்துபோய், கூரை மறுபடி ஒழுகுகிறது. அவள் இருந்தால், "வெச்சுப் பாத்துக்கிட்டே இருக்கறதுக்கா? எடுத்துப் போடுடி" என்று கத்துவாள். பிரித்துப் பார்க்கவும் முடியவில்லை, போர்த்தவும் முடியவில்லை. ஒழுகும் இடத்தில் குண்டானை வைத்திருக்கிறேன்.