தம்பி சொன்ன வீதி

தம்பியின் முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிச் சடங்கு முடிந்த மறுநாள், துக்கத்தில் வளரவிட்ட தாடியையும் தலைமுடியையும் எடுக்கக் கிளிநொச்சியில் ஒரு சலூனுக்குப் போனேன். கடைக்காரர் என் தலையைக் குனியவைத்தார். பிடரியில் கத்தரிக்கோலின் குளிர் பட்டதும், சிறுவயதில் போன விசுவமடுச் சலூன் மெல்ல என்னைச் சூழ்ந்துகொண்டது.

அங்கும் இப்படித்தான் குனிந்திருப்பேன். வெள்ளைத் துணிக்கு அப்பால் வீதி வெறும் ஓசையாக இருக்கும்: வண்டில் சில்லு, சைக்கிள் மணி, மீன்காரரின் கூவல். தன் முறைக்காக மரவாங்கில் உட்கார்ந்திருக்கும் தம்பிதான் எனக்குக் கண்.

"அண்ணை, மீன்காரர் போறார். அவருக்குப் பின்னால இரணைமடுக் குளம் நடந்து வருது."

"குளம் நடக்குமோடா?"

"தன்ர மீனைத் திருப்பித் தரட்டாம்."

நான் திரும்பிவிடுவேன். கத்தரி தடம் மாறும்.

"இனி ரெண்டு பேருக்கும் மொட்டைதான்" என்பார் அந்தக் கடைக்காரர்.

அவர் முகம் மறந்துவிட்டது. ஈரக் கால்களோடு வீதியில் வந்த குளம் மறக்கவில்லை.

இன்று வெளியே ஒரு சைக்கிள் மணி ஒலித்தது.

"ரோட்டில ஆர் போகினம்?" என்று கேட்டேன்.

கடைக்காரர் எட்டிப் பார்த்தார். "ஒருத்தர் மீன் கொண்டு போறார், ஐயா."

"அவருக்குப் பின்னால?"

"ஒண்டுமில்லை. தலையை ஆட்டாதேங்கோ."

அதற்குள் நான் திரும்பிவிட்டிருந்தேன்.