முந்நூற்றுப் பன்னிரண்டு பொருள்களும் ஒரு சாப்பாட்டு டப்பாவும்

ஒருத்தியின் சாப்பாட்டு டப்பா பூட்டிய கண்ணாடிப் பெட்டிக்குள் இருக்க, அவள் அதற்கு இருபதடி தள்ளி உட்கார்ந்து காகிதப் பொட்டலத்தைப் பிரித்துச் சாப்பிடுகிறாள் என்றால் நீங்கள் நம்பமாட்டீர்கள். நம்ப வேண்டாம். நான் பார்த்தேன், அவ்வளவுதான்.

அவளைச் சிவப்புமை என்றுதான் எல்லோரும் கூப்பிடுவார்கள். நகர அருங்காட்சியகத்தில் எண் எழுதும் வேலை. வாளோ வளையலோ, உள்ளே வந்த எந்தப் பொருளானாலும் கண்ணில் படாத ஒரு மூலையில் வார்னிஷ் ஒரு பூச்சு. காய்ந்ததும் மூன்றே முடி உள்ள தூரிகையால் சிவப்பு மையில் எண். அதன்மேல் மறுபடி ஒரு பூச்சு. அவள் எழுதிய எட்டுக்குள் நுழைந்த எறும்பொன்று வெளியே வர வழி தெரியாமல் மூன்று நாள் சுற்றியதாகச் சொல்வார்கள். மூன்று நாள் என்பது கொஞ்சம் அதிகம். இரண்டு இருக்கலாம்.

எண் விழுந்துவிட்டால் அந்தப் பொருள் அருங்காட்சியகத்துடையது. அழிக்கவோ வெளியே அனுப்பவோ ஏழு பேர் கையெழுத்து வேண்டும். அந்த விதியைச் சிவப்புமை தன் வயிற்றாலேயே படித்தவள்.

வேலைக்குச் சேர்ந்த இரண்டாம் வருஷம், ஒரு செவ்வாய்க்கிழமை, பழைய பித்தளைச் சம்படங்கள் இருபத்துமூன்று அவள் மேஜைக்கு வந்தன. அவளுடையதோ தானாக ஓடும் கை. எழுதி முடித்து நிமிர்ந்தபோது சிவப்பு எண்ணோடு இருபத்துநாலு உட்கார்ந்திருந்தன. இருபத்துநாலாவது, மூடியில் நெளிசல் விழுந்தது, அவள் காலையில் வீட்டிலிருந்து கொண்டுவந்தது. உள்ளே சாப்பாடு இன்னும் ஆறியிருக்கவில்லை.

ஆறு அதிகாரிகள் சிரித்துக்கொண்டே கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார்கள். ஏழாவது கையெழுத்து, விதிப்படி, எண் எழுதுபவருடையது. தன் சொந்த விஷயத்தில் தானே கையெழுத்துப் போடக்கூடாது என்று வேறொரு விதி. ஆக, சாப்பாட்டை மட்டும் காகிதத்தில் கொட்டிக் கொடுத்தார்கள். டப்பா நாலாம் கூடத்துக்குப் போயிற்று. பக்கத்தில் ஓர் அட்டை: "பித்தளைச் சம்படம். சாதாரண மக்கள் புழங்கியது. காலம் தெரியவில்லை."

காலம் செவ்வாய்க்கிழமை என்று அவள் எத்தனையோ முறை சொல்லிப் பார்த்தாள். எடுபடவில்லை. இருபத்தாறு வருஷம் ஓடிவிட்டது.

அப்போதுதான் புது அதிகாரி வந்தார். கெட்டவர் என்று சொல்லமாட்டேன். சுத்தம் பிடித்தவர், அது அதைவிடத் தொல்லை. கையில் அளவு நாடாவோடு எல்லாக் கூடங்களையும் சுற்றினார். மேல் மாடி அவருக்குப் பிடித்திருந்தது. அங்கே சிம்மாசனம், வாள், ஆளுயரப் படங்களில் மீசைகள். அந்தக் கூடங்களை மட்டும் பார்த்தால், முந்நூறு வருஷமாக இந்த ஊரில் ஒருவரும் துணி துவைக்கவில்லை, பிள்ளை பெறவில்லை, சாயங்காலமானால் ஒரு விளக்குக்கூட ஏற்றவில்லை என்றுதான் நினைக்கத் தோன்றும்.

அதையெல்லாம் செய்தவர்களின் சாமான்கள் நிலவறையில் கிடந்தன. ஊர்ஜனங்கள் அவ்வப்போது கொண்டுவந்து கொடுத்தவை. வேண்டாம் என்று சொல்லக் கூச்சப்பட்ட பழைய அதிகாரிகள், "பிறகு பார்க்கலாம்" என்று வாங்கிக் கீழே இறக்கிவிட்டார்கள். ஒன்றுக்கும் எண் கிடையாது. கொடுத்தவர் சீட்டு மட்டும் நூலில் தொங்கும்.

திங்கட்கிழமை காலை சுவரில் உத்தரவு ஒட்டியாயிற்று. நிலவறையில் உள்ள, எண் இடப்படாத பொருள்கள் அனைத்தும் வெள்ளிக்கிழமை லாரியில் அப்புறப்படுத்தப்படும்.

சிவப்புமை நேரே அதிகாரியின் அறைக்குப் போனாள்.

"சார், அதெல்லாம் ஜனங்க நம்பிக் குடுத்தது."

"குப்பைம்மா அது. ராஜாங்க ஆண்ட ஊரு இது. கீழ போய்ப் பாத்தா முடிவெட்டுற நாற்காலி கிடக்குது."

"ராஜாவுக்கும் யாராவது வெட்டித்தானே சார் விட்டிருப்பாங்க. படத்துல பாத்தா அப்படித்தான் தெரியுது."

அதிகாரி கடிகாரத்தைப் பார்த்தார்.

"எண் இல்லாததை மட்டும்தானே சார் எடுப்பீங்க?" என்றாள்.

"அதான் எழுத்துல போட்டிருக்கேனே."

"உத்தரவுக்கு அடியில இருக்கிறது உங்க கையெழுத்துதானே?"

"வேற யாரோடது?"

"சும்மா கேட்டேன் சார்," என்று சொல்லிவிட்டு வந்து, உத்தரவைச் சுவரிலிருந்து பதமாகப் பிரித்து நாலாக மடித்து இடுப்பில் செருகிக்கொண்டாள். பிறகு மேஜையையும் மைப்புட்டிகளையும் நிலவறைக்கு இறக்கச் சொன்னாள்.

பியூன் மேஜையைத் தொடத் தயங்கினார். மூன்று வருஷத்தில் ஓய்வு பெறப்போகிறவர்.

"அக்கா, என் வேலைக்கு உலை வெச்சிடாதே."

"எண் எழுதறது யார் வேலை?"

"உன் வேலைதான்."

"சாமான் தூக்கறது?"

"என் வேலை."

"அப்ப ரெண்டு பேரும் ஒழுங்கா வேலை பாக்கறோம். இதுல பயப்பட என்ன இருக்கு? முதல்ல அந்தக் கொம்பை எடு."

பத்தடி நீளம், நுனியில் கொக்கி. தெருவிளக்கு ஏற்றுகிறவர் பிடித்த இடத்தில் மட்டும் மரம் இடுப்புபோல் குறுகியிருந்தது. அடுத்து பள்ளிக்கூட அலமாரி. அதன் கால்களில் முழங்கால் உயரத்துக்குப் பழுப்புக் கோடு. எந்தப் புத்தகமும் ஊருக்குள் வந்த பெரிய வெள்ளத்தை இவ்வளவு சரியாக அளந்து சொல்லவில்லை. அப்புறம் சினிமாக் கொட்டகையின் டிக்கெட் ஜன்னல் கம்பி. கை நுழைகிற அரைவட்ட ஓட்டை கண்ணாடியாக வழுவழுத்திருந்தது. பியூன் அதற்குள் கையை விட்டுப் பார்த்தார். "சின்ன வயசுல இதுல மாட்டிக்கிட்டு நான் அழுதிருக்கேன்," என்றார். அதற்குப் பிறகு அவர் வேலை போய்விடும் என்ற பேச்சை எடுக்கவில்லை.

ஆஸ்பத்திரித் தராசுதான் அவளை நிறுத்தியது. துணித் தொட்டிலில் பிள்ளையைக் கிடத்தி எடைபோடும் தராசு. துணி நைந்து நூலாகியிருந்தது. பதிவேட்டில் 'விவரம்' என்ற கட்டத்தில் எழுதினாள்: "இந்த ஊர்க்காரர்களில் பாதிப் பேர் இதில் தொங்கியவர்கள்."

ஒரு நாளைக்குப் பதினைந்து எழுதினாலே கண் பூத்துப்போகும் வேலை அது. அவள் எழுபத்தெட்டு எழுதினாள். பியூன் விசிறியால் வீசி வார்னிஷைக் காயவைத்தார். புதன்கிழமை மை தீர்ந்துபோய் அவள் முறைத்த முறைப்பில் காலிப் புட்டியிலிருந்து இன்னும் அறுபது எண்ணுக்கு மை வந்தது என்று பியூன் சத்தியம் செய்கிறார். வியாழக்கிழமை மாலை ஐந்து மணிக்கு, முந்நூற்றுப் பன்னிரண்டாவது பொருளான முடிவெட்டும் நாற்காலியின் அடியில் படுத்துக்கொண்டு கடைசி எண்ணை எழுதினாள்.

வெள்ளிக்கிழமை லாரி வந்தது. ஏற்ற வந்தவர்கள் எதைத் திருப்பினாலும் சிவப்பு. வெறும் லாரி போயிற்று.

அதிகாரி அவளைக் கூப்பிட்டனுப்பினார்.

"யாரைக் கேட்டும்மா எழுதினீங்க?"

"எண் எழுதறதுக்கு நான் இதுவரைக்கும் யாரையும் கேட்டதில்ல சார். கேட்டிருந்தா என் டப்பா வீட்டுல இருந்திருக்கும்."

"எல்லாத்துக்கும் ரத்து உத்தரவு போடுறேன். ஆறு கையெழுத்து நான் வாங்கிடுவேன்."

"வாங்குங்க. ஏழாவது நான்."

அவர் எழுந்து போய்க் கதவைச் சாத்தினார். பிறகு குரலைத் தணித்தார். நாலாம் கூடத்து டப்பா கதை தனக்கும் தெரியும், மேலிடத்தில் பேசித் தனி விலக்கு வாங்கித் தருவதாகச் சொன்னார். "திங்கக்கிழமை டப்பா உங்க கையில. ரத்துல ஒரே ஒரு கையெழுத்து. யோசிங்க."

நல்ல காரியக்காரர். எங்கே தட்டினால் திறக்கும் என்று தெரிந்து தட்டினார்.

வீட்டில் அவள் கணவர், தையல்காரர், வாயில் குண்டூசிகளோடு மெஷினில் உட்கார்ந்திருந்தார்.

"டப்பா திரும்ப வருமாம்," என்றாள்.

"எந்த டப்பா?"

"நீங்க கீழ போட்டு நெளிச்சீங்களே, அது."

ஊசிகளை ஒவ்வொன்றாக எடுத்து, ஊசி செருகும் குட்டி மெத்தையில் குத்தினார். "பதிலுக்கு என்ன கேக்கறாங்க?"

"ஒரு கையெழுத்து. போட்டா கீழ இருக்கிற அத்தனையும் லாரியில போயிடும்."

மெஷின் சக்கரத்தைச் சும்மா ஒரு சுற்றுச் சுற்றினார். "கல்யாணத்துக்கு நான் உனக்குன்னு வாங்கினது அது ஒண்ணுதான். எனக்கு அது வேணும். பொய் சொல்லமாட்டேன்."

"எனக்கும்தான் வேணும்."

"ஆனா போடமாட்டே."

"நான் அப்படிச் சொன்னேனா?"

"மூக்கு விடைச்சிருக்கு. கல்யாணத்தன்னைக்கும் இப்படித்தான் இருந்துது. யார் சொல்லியும் கேக்கலை நீ, என்னைத்தான் கட்டிக்கிட்டே." ஊசியை மறுபடி வாயில் வைத்துக்கொண்டார்.

திங்கட்கிழமை அதிகாரியின் மேஜைமேல் இரண்டு பொருள் இருந்தன. ரத்து உத்தரவு, ஆறு கையெழுத்தோடு. அதன் பக்கத்தில் டப்பா, துடைத்துப் பளபளவென்று. சிவப்புமை டப்பாவைக் கையில் எடுத்தாள். நெளிசலைக் கட்டைவிரலால் ஒருமுறை தடவினாள். கீழே வைத்தாள்.

"சார், நீங்க பொறந்தது எந்த ஆஸ்பத்திரி?"

"ஆத்தங்கரை ஆஸ்பத்திரி. அதுக்கென்ன இப்ப?"

"அப்ப நீங்க தொங்கின தராசும் அந்த லாரி லிஸ்ட்ல இருக்கு. உங்களைக் குப்பைன்னு எழுதிக் குடுத்தா நான் எப்படி சார் கையெழுத்துப் போடறது?"

"விளையாடாதீங்கம்மா. லைப்ரரிக்கு மாத்திடுவேன்."

"மாத்துங்க. அடுத்து வர்ற பொண்ணுக்கு நான்தான் வேலை கத்துக் குடுக்கணும். என்ன கத்துக் குடுப்பேன்னு யோசிச்சுக்கிட்டு மாத்துங்க."

அதிகாரி உத்தரவை மடித்து இழுப்பறையில் போட்டார். அது இன்னும் அங்கேதான் இருக்கிறது, ஆறு கையெழுத்தோடு. டப்பாவை அவள் பக்கம் நகர்த்தினார். தோற்றவருக்கு அவ்வளவு பெருந்தன்மை இருந்தது.

"இதையாவது எடுத்துக்கிட்டுப் போங்க."

"வேணாம் சார். கீழ இருக்கிறதுக்கு ஒரு சட்டம், எனக்கு ஒரு சட்டமா? அது கூடத்துலயே இருக்கட்டும். அட்டையை மட்டும் நான் மாத்தி எழுதிடறேன்."

எழுதினாள். நாலாம் கூடத்துக்குப் போனால் நீங்களே படிக்கலாம், சிவப்பு மையில்:

"சாப்பாட்டு டப்பா. நெளிசல், கணவர் கீழே போட்டதால். காலம், செவ்வாய்க்கிழமை. உடையவள் உயிரோடு இருக்கிறாள், இதே கட்டடத்தில், கீழே."