எத்தனை மணிக்குக் காலை?

போன ஞாயிறு மகளைப் பெண் பார்க்க வந்தார்கள். "காலைல வந்துடறோமுங்க" என்று போனில் சொல்லியிருந்தார்கள். பத்து மணி என்று என் மனைவி எடுத்துக்கொண்டாள்.

வந்தது ஐந்தே முக்காலுக்கு.

நான் ஹெப்பாளில் கம்பெனி பஸ் ஓட்டுகிறேன். ஞாயிறு வண்டி கிடையாது. ஆனாலும் முழிப்பு வந்துவிடும். கதவைத் திறந்தால் டெம்போ நிற்கிறது. மார்டள்ளி கிராமத்திலிருந்து பையனின் அப்பா, அம்மா. கையில் பூவும் பழமும்.

"ஆய்த்து... மானம் போச்சு" என்றாள் மனைவி, கொண்டையை முடிந்துகொண்டே. பால் பாக்கெட்கூட வந்திருக்கவில்லை.

பயம் பாலுக்கு இல்லை. உள்ளே மகள் தூங்குகிறாள். ஃபேக்டரியில் செகண்ட் ஷிப்ட். இதற்கு முன் இரண்டு இடம் வந்தது. "பொண்ணு ராத்திரி எப்ப வீட்டுக்கு வரும்?" என்று கேட்டார்கள். சொன்னோம். அப்புறம் போனே வரவில்லை. வேலையை விடமாட்டேன் என்று இவளும் நிற்கிறாள். இதுவும் தட்டிப் போனால்?

பையனின் அம்மா உட்கார்ந்ததும் கேட்டார். "பொண்ணு இன்னும் எந்திரிக்கலீங்களா?"

குளிக்கிறாள் என்று சொல்லியிருக்கலாம். எனக்குப் பொய் வரவில்லை.

"தூங்குதுங்க. ஷிப்ட் முடிஞ்சு வந்து படுக்கவே ஒரு மணி. ஒம்பதுக்குத்தான் அதுக்கு விடியும்."

அந்த அம்மா புருஷனைப் பார்த்தார். புருஷன் வாசலைப் பார்த்தார்.

"பையன் எங்கீங்க?" என்றாள் மனைவி, மெதுவாக.

"டெம்போவுல தூங்கறானுங்க" என்றார் பையனின் அப்பா. "லோடு எறக்கிட்டு இங்க வந்து நிறுத்துனதும் சாஞ்சுட்டான். எழுப்புனா மூஞ்சியத் தூக்கி வச்சுக்குவான். அவனுக்குப் பன்னெண்டுக்குத்தான் விடியும்."

முதலில் சிரித்தது என் மனைவிதான்.

பையனுக்கு இங்கேயே மண்டி மொஹல்லாவில் ரூம். சாயங்காலம் ஊர்ப்பக்கம் போய்த் தக்காளி ஏற்றிவந்து இங்கே மார்க்கெட்டில் போடுகிறான். அன்றைக்கு லோடோடு அப்பா அம்மாவையும் ஏற்றி வந்துவிட்டான். பெண்ணும் இல்லை, பையனும் இல்லை. பெண் பார்க்கும் வீட்டில் நாங்கள் நாலு பேர் கடுங்காப்பி குடித்துக்கொண்டிருந்தோம்.

காலை, மதியம், மாலை — யார் வைத்த கணக்கு இது? நான் படித்தது அஞ்சாவதுதான். சூரியனைக் காட்டித்தான் வாத்தியார் சொல்லிக்கொடுத்தார். இப்போது சம்பளம் கொடுக்கிறவர் சொல்கிற நேரத்துக்குத்தான் விடிகிறது.

ஒன்பதுக்கு மகள் எழுந்தாள். பன்னிரண்டுக்கு அவன் முகம் கழுவிக்கொண்டு உள்ளே வந்தான். மகள் நேராகக் கேட்டாள்.

"நான் ஒரு மணிக்கு ஷிப்ட்டுக்குக் கெளம்பிருவேன். திரும்பி வர நடுராத்திரி ஆயிரும். உங்களுக்கு?"

"சாயங்காலம் ஏழுக்கு வண்டி எடுப்பனுங்க. கடைகளுக்கும் போட்டுட்டு வர காலைல எட்டு. அப்புறம் தூக்கம்."

"அப்ப நாம பேசிக்கறது எப்ப?"

அவன் விரல் விட்டு எண்ணினான். "பன்னெண்டுல இருந்து ஒண்ணு வரைக்கும் பேசலாமுங்க."

"அவ்வளவுதானா?"

"ஞாயித்துக்கெழம இருக்குதுங்களே... போதாதுங்களா?"

மகள் எங்களைத் திரும்பிப் பார்த்தாள். "தாராளமா போதும். எங்க அப்பா அம்மாவுக்கு அதுவும் இல்ல. அப்பா வீட்டுக்கு வந்தா தூங்கும். அம்மா டிவி சத்தத்தக் கொறைக்கும். அவ்வளவுதான்."

எல்லோரும் சிரித்தார்கள். பையனின் அம்மா மகள் தலையில் பூ வைத்துவிட்டார். சம்பந்தம் முடிவாகிவிட்டது.

அவர்கள் போனதும் பாயை எடுத்தேன். ஞாயிறு மதியம் நான் தூங்கும் நேரம். மனைவி வழக்கம்போல டிவி சத்தத்தைக் குறைத்தாள்.

பாயை வைத்துவிட்டேன். நாற்காலியை இழுத்து அவள் எதிரே உட்கார்ந்தேன். அவள் டிவியை அணைத்தாள்.

ஒரு மணி நேரம் எவ்வளவு நீளம் தெரியுமா உங்களுக்கு?