மொட்டு வைக்காத சாமந்தி

சாமந்தி இலையைக் கசக்கி முகர்ந்துகொண்டிருந்தேன். "ராவுல லைட்டு பட்டா இது மொட்டு வைக்காதுங்க" என்றார் நாற்றுப் பண்ணைக்காரர்.

எண்பதுகளில், செஞ்சியில், இன்று செல்போன் கடை நிற்கும் இடத்தில் எங்கள் வாசல் இருந்தது. அங்கே அம்மா உடைந்த குடங்களில் சாமந்தி நட்டு, நுனி கிள்ளி, பூச்சிக்குச் சாம்பல் தூவி வளர்த்தாள். தெருக்கம்பத்தில் புது டியூப்லைட் விடிய விடிய எரியத் தொடங்கிய வருஷம் செடிகள் இலையாகவே தழைத்தன, ஒரு மொட்டும் இல்லை.

"வீட்டுக்குத் தூரமா இருக்கறப்ப தொட்டிருப்படி, அதான் மலடாப் போச்சு" என்றாள் எதிர்வீட்டு அத்தை, அதே வெளிச்சத்தில் உட்கார்ந்து மல்லாட்டை உரித்து முறத்தில் கடலையைப் போட்டபடி, தெருவே கேட்க. அதன்பின் அம்மா எந்தப் பூச்செடியையும் தொடவில்லை, சாகும்வரை.

உரக்கப் பேசியே பழகாத நான் பண்ணைக்காரரிடம் கத்திவிட்டேன்: "அப்ப எங்கம்மா கைய இன்னாத்துக்குக் குத்தம் சொன்னாங்க?"