இடப்பக்க சீட்டிலிருந்து சினிமாவுக்கு

டிரைவிங் ஸ்கூல் வாத்தியாருக்கு வண்டி ஓட்டத் தெரிந்தால் மட்டும் போதாது. பக்கத்தில் ஒருவர் தாறுமாறாக ஓட்டும்போது முகத்தில் பயம் தெரியாமல் உட்கார்ந்திருக்கவும் தெரிய வேண்டும். மனைவிக்கோ மச்சானுக்கோ கார் சொல்லிக்கொடுத்தவர்களுக்கு மேற்கொண்டு விளக்க வேண்டியதில்லை. காரைக்குடியில் இருபது வருடமாக இதுதான் என் பிழைப்பு.

ஊருணியைப் பார்த்து

எங்கள் வண்டியில் என் காலடியிலும் ஒரு பிரேக் உண்டு. எடுத்ததற்கெல்லாம் அதை மிதித்தால் பழகுகிறவருக்கு மனசு விட்டுப்போகும். அதனால் கடைசிவரை வாயால்தான் சமாளிப்பேன்.

கொத்தமங்கலத்து ஆச்சி ஒருவர் அறுபது வயதுக்கு மேல் கார் பழக வந்தார். மூன்றாம் நாள் வண்டி ரோட்டை விட்டு இறங்கி நேராக ஊருணியைப் பார்த்துப் போனது. ஆச்சியை அதட்ட முடியுமா? பிரேக்கைக் கொஞ்சம் அமுக்குறீகளா என்று கைகூப்பாத குறையாகக் கேட்டேன். அவர் ஆக்ஸிலேட்டரை அமுக்கினார். நான் என் பிரேக்கை மிதிக்க, படித்துறைக்கு ஒரு முழம் முன்னால் வண்டி நின்றது. ஆச்சிக்குக் கோபம் வந்துவிட்டது.

"இம்புட்டுப் பதவிசாச் சொன்னீகன்னா, அவசரம்னு எனக்கு எப்புடித் தெரியும்?"

பின் சீட்டில் டைரக்டர்

கண்டரமாணிக்கத்தில் ஒரு பெரிய வீட்டில் ஷூட்டிங். கதாநாயகி கார் ஓட்டுவதாகக் காட்சி. அவருக்கோ சைக்கிள்தான் தெரியும். மூன்று நாளில் தேற்றிக்கொடுக்க என்னைக் கூப்பிட்டார்கள். டைரக்டரும் பின் சீட்டில் ஏறிக்கொண்டார். இரண்டு ஆடும் ஒரு வைக்கோல் வண்டியும் மயிரிழையில் தப்பின. நல்லா ஓட்டுறீக, கொஞ்சம் இங்குட்டு வாங்க என்று சொல்லிக்கொண்டே நான் வியர்த்துக்கொண்டிருந்தேன். இறங்கியதும் டைரக்டர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்.

"அண்ணே, வாய் ஒண்ணு சொல்லுது, மூஞ்சி ஒண்ணு சொல்லுது. எங்க படத்துல நடிங்க."

வீட்டு சென்சார்

எனக்கு ஆசை. என் மனைவி தமிழ்ச்செல்விக்குப் பயம். எங்களிடம் பழக வருவதில் பாதிக்குமேல் பெண்கள்; கோமாளி என்று பேர் வாங்கிவிட்டால் யார் நம்பி அனுப்புவார்கள் என்றாள். மகள் காலேஜ் முடிக்க இன்னும் இரண்டு வருடம். அவள் சொன்னதில் தப்பே இல்லை. எனக்குத்தான் இரண்டு நாள் சோறு இறங்கவில்லை. மூன்றாம் நாள் அவளே சட்டையை இஸ்திரி போட்டு எடுத்து வைத்தாள்.

"போயிட்டு வாங்க. போகலைன்னா ஆயுசுக்கும் சொல்லிக்காட்டுவீக."

ஏழாவது டேக்

கதாநாயகிக்குப் பக்கத்தில் டிரைவிங் வாத்தியாராகவே என்னை உட்காரவைத்து, ஆபத்து வேண்டாமென்று காரை லாரிமேல் ஏற்றிக் கட்டிப் படம் பிடித்தார்கள். பத்திரமாக உட்கார்ந்திருந்தால் பயம் எங்கிருந்து வரும்? ஆறு டேக் வீண். வேறு ஆளைப் பார்க்கலாமா என்று டைரக்டர் உதவியாளரிடம் கேட்டது என் காதில் விழுந்தது. வெட்கத்தை விட்டு, காரைக் கீழே இறக்கி அந்தப் பெண்ணையே ஓட்டச் சொல்லுங்கள் என்றேன். அடுத்த டேக் ஓகே. யூனிட்டே சிரித்தது. கதாநாயகிக்குத்தான் வருத்தம்.

"அப்ப நான் நல்லா ஓட்டறேன்னு நீங்க சொன்னதெல்லாம் பொய்யா சார்?"

நாலு நிமிடப் புகழ்

படத்தில் நான் வருவது நாலு நிமிடம். படம் வந்த மறுவாரமே ஸ்கூலில் கூட்டம்; பயந்த தமிழ்ச்செல்வியே டோக்கன் கொடுத்தாள். பிறகு இரண்டு படம் நடித்துவிட்டேன். காலை ஆறு மணி பேட்ச்சை மட்டும் விடவில்லை. சந்தோஷமாகத்தான் இருக்கிறேன்.

போன வாரம் நாட்டரசன்கோட்டை டீச்சர் ஒருவர், எதிரே பஸ்ஸைக் கண்டதும் ஸ்டியரிங்கை விட்டுவிட்டார். இருபது வருடத்தில் முதல்முறையாக நான் மரியாதையெல்லாம் மறந்து அலறினேன். ஸ்டியரிங்கை ஒடித்து, வண்டியை ஓரங்கட்டி நிறுத்தினேன். டீச்சர் கைதட்டினார்.

"படத்துல செஞ்சதைவிட இது நல்லாருக்கு சார். இன்னொருக்க செஞ்சு காட்டுறீகளா?"

பயப்படாத மாதிரி இருபது வருடம் நடித்ததற்கு ஒருவரும் கைதட்டவில்லை. நிஜமாகப் பயந்தால் ஒன்ஸ்மோர் கேட்கிறார்கள்.