எங்கள் வீடு பூட்டியிருக்கவில்லை

சூரியநெல்லியில் எங்கள் வீட்டின் இரண்டு அறைகளைச் சுற்றுலா வருபவர்களுக்கு விடுகிறோம். என் அப்பாவும் அம்மாவும் தேயிலை எஸ்டேட்டின் வரிசை வீடுகளான லயத்தில் குடியிருந்து கொழுந்து பறிக்கப் போனவர்கள். என் கணவர் ஜீப் ஓட்டுகிறார். விடிவதற்கு முன்னால் ஆட்களை ஏற்றிக்கொண்டு மலை உச்சிக்குப் போய், சூரியன் எழும்புவதைக் காட்டிவிட்டுத் திரும்புவார். அறைகள், சமையல், போனில் வரும் புக்கிங் எல்லாம் என் பொறுப்பு.

வருகிறவர்கள் பையை இறக்குவதற்கு முன்பே கேட்பது, "அக்கா, வைஃபை இருக்கா?" என்பதுதான். வெந்நீர் இருக்கிறதா என்ற கேள்வி அதற்கு அப்புறம் வரும். அப்போது எங்கள் பக்கம் போன் சிக்னல் கிடைக்க வேண்டுமென்றால் வீட்டுக்குப் பின்னால் இருக்கும் பாறை மேல் ஏற வேண்டும். அதனால், கேபிள் வழியாக இன்டர்நெட் தருகிறோம் என்று ஒரு கம்பெனியின் ஆள் வீடு வீடாக வந்தபோது, எங்கள் வரிசையில் முதலில் கையெழுத்துப் போட்டது நான்தான். அந்த ஆள் மலையாளமும் தமிழும் கலந்து பேசினார்.

"ரெண்டு வருஷத்து ப்ளான், சேச்சி. மோடம் ஃப்ரீ, கனெக்ஷன் ஃப்ரீ. வேண்டாம்னு தோணினா எப்ப வேணாலும் நிறுத்தலாம். ஒண்ணும் பேடிக்கண்டா."

பயப்பட வேண்டாம் என்கிறார். நான் பயப்படவில்லை. அவர் நீட்டிய போன் திரையில் விரலால் என் பெயரை எழுதினேன். கோழி கிறுக்கியது போல இருந்தது. அது என்ன ஒப்பந்தம், எத்தனை பக்கம் என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. முன்பணம் வாங்கிக்கொண்டு, கதவுக்குப் பக்கத்தில் வெள்ளைப் பெட்டியை மாட்டிவிட்டுப் போனார்கள்.

முதல் எட்டு மாதம் குறை சொல்ல ஒன்றுமில்லை. பெங்களூரிலிருந்து வந்த ஒரு ஜோடி பத்து நாள் தங்கி, இங்கிருந்தே ஆபீஸ் வேலை பார்த்துவிட்டுப் போனது. அதன் பிறகு மழை வந்தது. கேபிள் எங்கள் வீட்டுக்கு எஸ்டேட் ரோட்டோரக் கம்பங்களில் தொங்கிக்கொண்டு வருகிறது. யானைகள் ரோட்டைத் தாண்டும் இடமும் அங்கேதான். நனைந்த மண்ணில் நட்ட கம்பத்தில் ஒரு யானை உடம்பைத் தேய்த்தால் போதும், கம்பம் சாய்ந்து கேபிள் அறுந்துவிடும். முதல் தடவை அறுந்தபோது நாலு நாளில் சரிசெய்தார்கள். அடுத்த தடவை பதினோரு நாள். மூன்றாவது தடவை அறுந்த கேபிள் தேயிலைச் செடிகள் மேல் விழுந்தது. புகார் கொடுத்தும் ஒரு மாதத்துக்கு மேல் அங்கேயே கிடந்தது. பில் மட்டும் மாதம் தவறவில்லை. என் பேங்க் கணக்கிலிருந்து தானாகவே எடுத்துக்கொண்டார்கள்.

அந்தச் சமயத்தில்தான் பக்கத்து மேட்டில் வேறொரு கம்பெனி டவர் வைத்தது. சிம் போட்டு வைக்கும் சின்னப் பெட்டி ஒன்று வாங்கினேன். இரண்டு அறைக்கும் அது போதுமானதாக இருந்தது. சரி, கேபிளை நிறுத்திவிடலாம் என்று கஸ்டமர் கேருக்குப் போன் செய்தேன்.

பேசிய பெண் மரியாதையாகத்தான் பேசினாள். "மேடம், உங்களுக்கு இன்னும் பதிமூணு மாசம் பாக்கி இருக்கு. இப்ப நிறுத்தினா அந்த மாசங்களோட வாடகைல பாதி கட்டணும். ஃப்ரீயா குடுத்த கனெக்ஷன் சார்ஜும் மோடம் விலையும் சேர்ந்து வரும்."

"எப்ப வேணாலும் நிறுத்தலாம்னு சொன்னாங்களே?"

"நிறுத்தலாம் மேடம். சார்ஜ் உண்டு."

அவள் சொன்ன தொகை, மழைக்கால மாதம் ஒன்றில் எங்கள் இரண்டு அறைகளும் சேர்ந்து சம்பாதிப்பதைவிட அதிகம். போனை வைத்துவிட்டு, அடுப்பில் சாம்பார் கொதித்து வழிவதைப் பார்த்துக்கொண்டே நின்றேன்.

கணவர் வந்ததும் சொன்னேன். அவர் சட்டையைக் கழற்றிக்கொண்டே சிரித்தார்.

"கட்டாம விட்டுருவோம் புள்ள. பேங்க்ல அந்தத் தானா எடுக்குறத நிறுத்திட்டா முடிஞ்சது. இந்த மழையில எவன் மலையேறி வந்து கேக்கப் போறான்?"

"ஜீப் ஸ்டாண்டுல உங்க கூட்டாளிக்கு நடந்தது மறந்துபோச்சாக்கும்?"

அவருடைய நண்பர் ஒருவர் ஒரு பழைய போன் பில்லை இப்படித்தான் கட்டாமல் விட்டார். யாரும் வந்து கேட்கவில்லை. இரண்டு வருடம் கழித்துப் புது ஜீப்புக்குக் கடன் கேட்டுப் போனபோது, பேங்க்காரர்கள் அந்தப் பாக்கியைக் கம்ப்யூட்டரில் காட்டி, கடன் இல்லை என்று சொல்லிவிட்டார்கள். எங்கள் ஜீப்பும் மாற்ற வேண்டிய வயதில் இருந்தது.

"ஓடி ஒளிய வேண்டாங்க. நேரா போய், சுத்தமா முடிச்சுட்டு வருவோம். அவங்க எழுத்துல என்ன இருக்குன்னு முதல்ல பாக்குறேன்" என்றேன்.

கையெழுத்துப் போட்ட அன்றே ஒப்பந்தத்தை எனக்கு மெயிலில் அனுப்பியிருந்தார்கள். நான் திறந்ததே இல்லை. சின்னக்கானலில் ஒரு கடையில் பிரிண்ட் எடுத்தேன். பத்தொன்பது பக்கம், எல்லாம் இங்கிலீஷ், எறும்பு ஊர்ந்தது போன்ற எழுத்து. நான் தமிழ் மீடியத்தில் பன்னிரண்டாம் வகுப்பு வரை படித்தவள். விருந்தாளிகளுக்குக் காலைச் சாப்பாடு கொடுத்து முடித்ததும், ஒரு பென்சிலும் போனில் அகராதியுமாக உட்காருவேன். ஒரு நாளைக்கு இரண்டு பக்கம், சில நாள் ஒரு பக்கம். புரியாத வாக்கியத்தை மூன்று தடவை படிப்பேன். ஐந்தாம் நாள் எனக்குக் கோபம் போய்விட்டது. பரீட்சைக்குப் படிப்பதைப் போல ஒரு ருசி வந்துவிட்டது.

பதினோராம் பக்கத்தில் அது இருந்தது. புகார் பதிவு செய்த பிறகும் பதினைந்து நாளுக்கு மேல் தொடர்ந்து இணைப்பு இல்லாமல் இருந்தால், வாடிக்கையாளர் எந்தக் கூடுதல் கட்டணமும் இல்லாமல் ஒப்பந்தத்தை முடித்துக்கொள்ளலாம். மோடத்தை நல்ல நிலையில் திருப்பித் தர வேண்டும். முன்பணம் திரும்ப வரும்.

நான் எழுந்து சமையலறைக்கும் வாசலுக்குமாக நாலு தடவை நடந்தேன். பிறகு திரும்ப உட்கார்ந்து இன்னொரு தடவை படித்தேன். அப்படியேதான் இருந்தது.

அன்றே போன் செய்தேன். இந்தத் தடவை ஓர் ஆண் பேசினார். புகார் எண்ணைச் சொன்னேன். தங்க வருகிறவர்களின் பெயரை எழுதும் நோட்டில்தான் அதையும் எழுதி வைத்திருந்தேன். அவர் தேடிப் பார்த்துவிட்டுச் சொன்னார்: "மேடம், இந்தக் கம்ப்ளெயின்ட் க்ளோஸ் ஆயிடுச்சு. டெக்னீஷியன் வந்திருக்கார். வீடு பூட்டியிருந்ததுன்னு ரிப்போர்ட் இருக்கு."

"எப்ப வந்தார்?"

"நீங்க புகார் குடுத்த மூணாம் நாள். வியாழக்கிழமை காலைல பதினொன்றரைக்கு."

போனை வைத்துவிட்டேன். விருந்தாளிகள் இருக்கும் வீட்டை நாங்கள் பகலில் பூட்டுவதே இல்லை. ஆனால் பூட்டவில்லை என்பதை எப்படி நிரூபிப்பது? பூட்டு தொங்காத கதவை அன்றைக்கு யார் போட்டோ எடுத்து வைத்திருக்கிறார்கள்? வராத ஆள் எழுதிய ஒரு வரியால் என் பதினோராம் பக்கம் செல்லாமல் போனது. அன்று முழுக்க யாருடனும் சரியாகப் பேசவில்லை. பூட்டியிருந்ததாம். என் வீடு பூட்டியிருந்ததாம்.

மறுநாள் கணவர் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது நோட்டைப் புரட்டி அந்த வியாழக்கிழமையைப் பார்த்தேன். பொள்ளாச்சியிலிருந்து வந்த ஒரு குடும்பம். இரண்டு அறையும் அவர்கள்தான். புதன்கிழமை ஒரு நாளைக்கு வந்தவர்கள், வெள்ளிக்கிழமைதான் கிளம்பியிருக்கிறார்கள்.

"இவங்க ஏன் ஒரு நாள் கூட இருந்தாங்க?" என்று சத்தமாகவே கேட்டேன்.

கணவர் சோற்றைப் பிசைவதை நிறுத்தினார். "அன்னைக்கு எப்படிப் போவாங்க? நானே வண்டி எடுக்கலையே. ரோட்டுல ஆனை நின்னுச்சுல்ல. வாச்சர் ரெண்டு பக்கமும் மறிச்சுப் போட்டாரு."

நோட்டை வைத்துவிட்டுப் போனை எடுத்தேன். அவர் எச்சில் கையோடு எழுந்துவிட்டார்.

எங்கள் பகுதிக்கு ஒரு வாட்ஸ்அப் குழு இருக்கிறது. யானை எங்கே நிற்கிறது என்று வனத்துறை வாச்சர் அதில் செய்தி போடுவார். பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்புவதும், கொழுந்துக்குப் போவதும், ஜீப் எடுப்பதும் அதைப் பார்த்துத்தான். விரலால் தள்ளித் தள்ளி அந்த வியாழக்கிழமைக்குப் போனேன். காலை எட்டு மணி பத்து நிமிடம்: 'குட்டியோடு ஏழு யானை எஸ்டேட் ரோட்டில். இரு பக்கமும் வண்டி நிறுத்தியாச்சு. யாரும் வர வேண்டாம்.' கீழே ரோட்டை அடைத்து நிற்கும் யானைகளின் போட்டோ. அடுத்த செய்தி மத்தியானம் இரண்டு நாற்பதுக்கு: 'பாதை திறந்தாச்சு.'

எங்கள் வீட்டுக்கு வேறு பாதை கிடையாது.

"பதினொன்றரைக்கு வந்தானாம்! ஆனை முதுகுல ஏறி வந்தானா?" என்று கணவர் சிரித்த சிரிப்பில் அறையில் இருந்த விருந்தாளிகள் எட்டிப் பார்த்தார்கள். எனக்குச் சிரிப்போடு கண்ணீரும் வந்தது.

அதன் பிறகு நான் அவசரப்படவில்லை. ஒரு பக்கத்துக்கு இங்கிலீஷில் கடிதம் எழுதினேன். எனக்குத் தெரிந்த சின்னச் சின்ன வாக்கியங்கள்தான்: கேபிள் இந்த நாளில் அறுந்தது, புகார் எண் இது, இன்று வரை இணைப்பு இல்லை, உங்கள் ஆள் வந்ததாகச் சொல்லும் நேரத்தில் பாதை மூடியிருந்தது, பதினோராம் பக்கத்தின்படி ஒப்பந்தத்தை முடிக்கிறேன். இரண்டு பிரதி எடுத்தேன். செய்திகளின் படத்தையும் பிரிண்ட் எடுத்துச் சேர்த்தேன். மோடத்தைக் கழற்றித் துடைத்து, அடியில் இருந்த எண்ணைப் போட்டோ எடுத்து, ஒயர், அடாப்டர் எல்லாவற்றையும் அட்டைப் பெட்டியில் போட்டுக் கட்டினேன். பேங்க் விஷயத்தில் கை வைக்கவில்லை. முதலில் முடித்துவிட்டதாக அவர்கள் எழுதித் தர வேண்டும், அப்புறம்தான் அது.

கம்பெனி ஆபீஸ் அடிமாலியில் இருந்தது. கணவர் அன்றைக்குச் சவாரியை விட்டுவிட்டு என்னைக் கூட்டிப் போனார். பள்ளிவாசல் இறக்கத்தில் இறங்கும்போது, சொல்ல வேண்டியதை வாய்க்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டே போனேன்.

"நான் பேசவா?" என்றார் வாசலில்.

"வேண்டாம். நீங்க பக்கத்துல உக்காந்தா போதும்."

கவுண்டரில் கண்ணாடி போட்ட மேனேஜர் இருந்தார். கடிதத்தை மேலோட்டமாகப் பார்த்துவிட்டுத் தள்ளி வைத்தார்.

"சேச்சி, இது சிஸ்டத்துல க்ளோஸ் ஆயி. வீடு பூட்டியிருந்தது. இனி சார்ஜ் கட்டாம ஒண்ணும் செய்ய முடியாது."

"உங்க ஆள் வியாழக்கிழமை எத்தனை மணிக்கு வந்தாரு சார்?"

அவர் திரையைப் பார்த்தார். "பதினொன்றரை."

"எழுதிக்கங்க சார், பதினொன்றரைன்னு. இப்ப இதப் பாருங்க."

பிரிண்டை அவர் முன்னால் வைத்து, போனையும் திறந்து பக்கத்தில் வைத்தேன். அவர் படித்தார். போட்டோவைப் பெரிதாக்கிப் பார்த்தார். யானைகளின் கால் பக்கத்தில், அவர்கள் கம்பெனியின் சாய்ந்த கம்பமும் தெரிந்தது. அதை நான் அதுவரை கவனிக்கவே இல்லை. அவர்தான் முதலில் பார்த்தார். அவர் முகத்திலிருந்து எனக்குத் தெரிந்தது.

பதினோராம் பக்கத்தைப் பிரித்து, பென்சிலால் கோடு போட்ட இடத்தைக் காட்டினேன். "இது நீங்க எழுதினது சார். நான் எழுதினது இல்ல."

அவர் தன் போனை எடுத்துக்கொண்டு உள்ளே போனார். கண்ணாடிக் கதவுக்குப் பின்னால் "ஆன, ஆன" என்று யானையைப் பற்றி மலையாளத்தில் யாரிடமோ விளக்குவது கேட்டது. கால் மணி நேரம் ஆயிற்று. கணவர் என் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். வெளியே வந்த மேனேஜரின் குரல் மாறியிருந்தது.

"சரி சேச்சி. சார்ஜ் ஒண்ணும் இல்ல. முன்பணம் பேங்குக்கு வரும். கம்பம் சாஞ்ச நாள்லேர்ந்து எடுத்த வாடகையும் திரும்ப வரும். நீங்க போய்க்கோ, மெயில் வரும்."

"மோடத்துக்கு ரசீது வேணும் சார். அடியில இருக்குற நம்பரோட. என் கடிதப் பிரதியில சீல் போட்டு உங்க கையெழுத்தும் வேணும். மெயில் வர்ற வரைக்கும் இங்கயே இருக்கேன், எனக்கு அவசரம் ஒண்ணும் இல்ல."

அவர் என்னை ஒரு தடவை நன்றாகப் பார்த்தார். பிறகு சிரித்துவிட்டு, சீலை எடுத்தார். நாற்பது நிமிடத்தில் மெயில் வந்தது: இணைப்பு முடிக்கப்பட்டது, கட்ட வேண்டியது பூஜ்யம். அங்கேயே உட்கார்ந்து, பேங்க்கில் தானாக எடுக்கும் ஏற்பாட்டை என் விரலாலேயே ரத்து செய்தேன்.

படி இறங்கும்போது கால் தரையில் படவில்லை. டீக்கடையில் பழம்பொரி வாங்கித் தந்துவிட்டு, கணவர் ஸ்டாண்டுக்குப் போன் போட்டு ஸ்பீக்கரில் வைத்தார். "கேளுங்கப்பா, என் பொண்டாட்டி ஒரு கம்பெனியவே ஜெயிச்சுட்டா!" கடையில் இருந்தவர்கள் எல்லோரும் திரும்பினார்கள். பேசாதீங்க என்று சொன்னேனே தவிர, அவர் பேசுவது எனக்குப் பிடித்துத்தான் இருந்தது.

அடுத்த மாதம் ஒரு பில் வரத்தான் செய்தது. முன்பு என்றால் உடனே கட்டியிருப்பேன். சீல் போட்ட கடிதத்தையும் மோடம் ரசீதையும் போட்டோ எடுத்து, 'தயவுசெய்து திருத்தவும்' என்று ஒரே வரி எழுதி அனுப்பினேன். இரண்டு நாளில் வருத்தம் தெரிவித்துத் திருத்தினார்கள். முன்பணமும் அந்த வாரமே வந்தது.

அதற்குள் விஷயம் வரிசை முழுக்கப் பரவிவிட்டது. அதே கேபிளில் இன்னும் ஆறு வீடுகள் இருந்தன. எல்லோரும் இணைப்பு இல்லாமலே பணம் கட்டிக்கொண்டிருந்தார்கள். எல்லோருடைய வீடும் அதே வியாழக்கிழமை பூட்டியிருந்ததாம். எங்கள் சமையலறையில் உட்கார்ந்து ஆறு கடிதம் எழுதினோம். என் கடிதத்தைப் பார்த்து எழுத ஆரம்பித்தவர்கள், இரண்டாவது பத்தியிலேயே தங்கள் சொந்தக் கோபத்தைச் சேர்த்துக்கொண்டார்கள். ஒரு திங்கட்கிழமை காலையில் ஆறு பெட்டிகளோடு இரண்டு ஜீப்பில் அடிமாலிக்கு இறங்கினோம்.

கண்ணாடிக் கதவைத் தள்ளிக்கொண்டு எல்லோரும் உள்ளே நுழைந்தபோது, மேனேஜர் முதலில் என்னைப் பார்த்தார், அப்புறம் பெட்டிகளை எண்ணினார். எழுந்து உள்ளே போய், இன்னும் நாலு நாற்காலிகளைக் கொண்டு வந்து போட்டார்.